அசுரனுக்கு முளைத்த கொம்பு

போன மார்ச் மாசம் ஒரு மத்தியானம் எனக்கு ஒரு போன் வந்தது. நான் அப்போது செராமிக் தொழிற்பேட்டையில், எங்கள் யூனிட்டில், ஒரு யானை பொம்மையின் தும்பிக்கைக்கு மோல்டு எடுத்துக்கொண்டிருந்தேன். கை முழுக்க பிளாஸ்டர். போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு பேசினேன்.

"வணக்கம் சார். என் பேரு சண்முகப்ரியா. சென்னையில ஆராய்ச்சி பண்றேன். தமிழ் டிவியிலயும் சினிமாவுலயும் ஆரம்பத்துல கம்ப்யூட்டர் வச்சு வேலை பார்த்தவங்களப் பத்தி. நீங்க கொளஞ்சி சாரா, அப்பன் சாரா?"

"ரெண்டும் நான்தாம்மா."

"இல்ல சார், டைட்டில்ல ரெண்டு பேரு இருக்காங்க. சிற்பம், அளவு: கொளஞ்சி, அப்பன். நடுவுல கமா இருக்குது. ஜமால் முகம்மது சார்கிட்ட கேட்டேன். ரெண்டு பேருக்கும் ஒரே நம்பர்தான், யாராவது ஒருத்தர் எடுப்பாங்கன்னு சொன்னாரு."

என்னை அந்தக் கம்ப்யூட்டர் வேலைக்குக் கூட்டிப்போன ஜமால் பாய் அப்படித்தான். முகத்தில் சிரிப்பே இல்லாமல் விளையாடுகிற ஆள். மங்கலம்பேட்டையில் உட்கார்ந்துகொண்டு அந்தப் பெண்ணை இல்லாத அப்பனைத் தேட விட்டிருக்கிறார்.

என் முழுப்பேர் கொளஞ்சியப்பன், எங்கள் பக்கத்து முருகன் பேர். விருத்தாசலத்தில் தெருவுக்கு மூன்று கொளஞ்சியப்பன் உண்டு. பஸ் ஸ்டாண்டில் நின்று அந்தப் பேரைக் கூப்பிட்டால் கண்டக்டர் உட்படத் திரும்பிப் பார்ப்பார்கள். ஆனால் உளுந்தூர்பேட்டையைத் தாண்டினால் அது யாருக்கும் வாயில் நுழையாது. டைட்டில் எழுதியவருக்கும் நுழையவில்லை. இதையெல்லாம் அந்தப் பெண்ணிடம் விளக்கினேன். அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எப்படியிருந்தாலும் நீங்க ஒரு முன்னோடி சார். நேர்ல வந்து பார்க்கணும்" என்றாள்.

முன்னோடி என்ற வார்த்தையை என்னைப் பார்த்து யாரும் சொன்னதில்லை. நான் அதை அனுபவித்துக்கொண்டு நின்றதில் பிளாஸ்டர் இறுகிவிட்டது. தும்பிக்கையோடு என் சுண்டுவிரலும் உள்ளே மாட்டிக்கொண்டது. முன்னோடியை விடுவிக்க இரண்டு பேர் உளியோடு வர வேண்டியிருந்தது.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். நான் கம்ப்யூட்டரில் வேலை பார்த்தது மொத்தம் பதினோரு மாசம். அந்தப் பதினோரு மாசத்தில் ஒரு பொத்தானைக்கூட அமுக்கியதில்லை. இன்றைக்கும் எங்கள் வீட்டில் கம்ப்யூட்டர் தெரிந்தவள் என் மனைவி கமலம்தான். தாலுகா ஆபீஸுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறாள். பட்டா, சாதிச் சான்று எல்லாம் கண்ணை மூடிக்கொண்டு எடுப்பாள். முன்னோடி சாப்பாட்டுக் கூடையோடு போய்க் கடை வாசலில் நிற்பார்.

நடந்தது தொண்ணூற்றாறில். அப்போது எனக்கு இருபத்தேழு வயசு. செராமிக் படித்துவிட்டு மாடல் செய்கிற வேலையில் இருந்தேன். எந்த பொம்மையாக இருந்தாலும் முதலில் ஒரு மாடல் வேண்டும். அதிலிருந்து மோல்டு, மோல்டிலிருந்து ஆயிரக்கணக்கில் பொம்மை. மாடலில் அரை மில்லிமீட்டர் தப்பினால் ஆயிரம் பிள்ளையாருக்கும் ஒரே பக்கம் வாய் கோணும். அதனால் அளவு விஷயத்தில் நான் கெட்டிக்காரன் என்று பேர். அந்தப் பேரை எனக்கு வைத்தவன் நான்தான் என்றாலும், மற்றவர்களும் மறுத்ததில்லை.

ஜமால் பாய் அதற்கு முன்னால் ஒன்பது வருஷம் துபாயில் ஒரு வீடியோ கம்பெனியில் இருந்தவர். ஊருக்கு வந்தவர்கள் நகைக்கடை வைத்தார்கள், ஜவுளிக்கடை வைத்தார்கள். இவர் சாலிகிராமத்தில் ஒரு மாடியைப் பிடித்து ஒரே ஒரு கம்ப்யூட்டரை இறக்கினார். ஒரு நாள் நேராக எங்கள் யூனிட்டுக்கு வந்தார்.

"தம்பி, சாமி சீரியல் ஒண்ணு எடுக்குறாங்க. அதுல அசுரன் தலை மட்டும் தனியா வானத்துல சுத்தி வரணும். அந்தத் தலைய கம்ப்யூட்டருக்குள்ள ஏத்தணும்."

"தலைய எப்படி பாய் உள்ள ஏத்துவீங்க?"

"அதுக்குன்னு வெளிநாட்டுல ஒரு மெஷினு இருக்குது. ஒரு இரும்புக் கை. சிலைய அது தடவித் தடவிப் பார்த்து அளவ எல்லாம் தானே உள்ள அனுப்பிடும். அத வாங்க எனக்கு வசதி இல்ல. நீ இருக்க."

இரும்புக் கைக்குப் பதில் என் கை. இதை நான் பெருமையாக எடுத்துக்கொண்டேன். என் அப்பா அன்றைக்கே போய் ஜங்ஷன் ரோடு முழுக்க, பையனுக்கு மெட்ராஸில் கம்ப்யூட்டர் வேலை என்று சொல்லிவிட்டு வந்தார். நான் இரண்டு வெள்ளைச் சட்டையும் கம்ப்யூட்டர் கற்றுக்கொள்ள ஒரு புத்தகமும் வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன். புத்தகம் மூன்றாம் நாளே பிளாஸ்டர் வாளியில் விழுந்து கல்லாகிவிட்டது. அதை மாடிக் கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க முட்டாக வைத்திருந்தோம். அந்த வகையில் பதினோரு மாசமும் உபயோகப்பட்டது.

கம்ப்யூட்டர் இருந்தது ஒரு ஏசி அறைக்குள். செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் போக வேண்டும். தூசு பட்டால் மெஷின் போய்விடும் என்று பாய் பயந்தார். நானோ காலையிலிருந்து சாயங்காலம் வரை பிளாஸ்டர் தூளில் நிற்கிறவன். தலைமுடி, புருவம், காது மடல் எல்லாம் வெள்ளை. ஆகவே கம்ப்யூட்டர் வேலைக்குப் போன எனக்கு கம்ப்யூட்டர் அறைக்குள் அனுமதி இல்லை. வெளியே தகரக் கொட்டகையில் என் இடம். நடுச் சுவரில் ஒரு கண்ணாடி ஜன்னல், அதன் அடியில் ரயில்வே டிக்கெட் கவுண்டர் மாதிரி ஒரு சின்னத் திறப்பு. நான் அளவுகளை எழுதி அந்தத் திறப்பு வழியாக உள்ளே தள்ளுவேன்.

உள்ளே இருந்தவள் சிவசங்கரி. அப்போதுதான் காலேஜ் முடித்துவிட்டு வேலைக்குச் சேர்ந்திருந்த மெட்ராஸ் பெண். ஏசி குளிருக்கு ஒரு சால்வை போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். நான் வியர்வையில் நனைந்து, பிளாஸ்டர் பூசி, சாம்பல் பூசின பரதேசி மாதிரி வெளியே நிற்பேன். இரண்டு பேரும் ஒரே வேலையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம்.

வேலை என்னவென்றால், முதலில் நான் களிமண்ணில் அசுரன் தலையைச் செய்து பிளாஸ்டரில் வார்த்தேன். அந்த வெள்ளைத் தலைமேல் பென்சிலால் குறுக்கும் நெடுக்கும் கோடு போட்டேன். இரண்டு கோடு வெட்டுகிற இடமெல்லாம் ஒரு புள்ளி. ஒவ்வொரு புள்ளிக்கும் ஒரு நம்பர். ஒவ்வொன்றுக்கும் மூன்று அளவு எடுக்க வேண்டும்: முகத்தின் நடுவிலிருந்து எவ்வளவு தள்ளி, அடியிலிருந்து எவ்வளவு உயரம், பின்னாலிருந்து எவ்வளவு முன்னால். ஒரு தாளுக்கு இருபத்துநாலு புள்ளி. சிவசங்கரி அந்த எண்களை அடித்தால், கம்ப்யூட்டர் புள்ளிகளை மறுபடி கோட்டால் சேர்த்துத் தலையாக்கிவிடும்.

முதல் பதினெட்டு நாள் நான் இடப்பக்கம் ஒரு தாள், வலப்பக்கம் ஒரு தாள் என்று மாற்றி மாற்றி எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தேன். பத்தொன்பதாம் நாள் திறப்பில் ஒரு குரல் கேட்டது.

"அண்ணா, எதுக்கு ரெண்டு பக்கமும் அனுப்புறீங்க? ஒரு பக்கம் போதும். இன்னொரு பக்கத்த கம்ப்யூட்டரே கண்ணாடியில பார்க்குற மாதிரி திருப்பிப் போட்டுக்கும்."

"இத ஏம்மா முன்னாடியே சொல்லல?"

"ரெண்டாவது நாளே சொன்னேன். எனக்குத் தெரியும், நீங்க உங்க வேலையப் பாருங்கன்னீங்க."

சொல்லியிருப்பேன். அந்த வயசில் நான் அப்படித்தான் பேசுவேன். பாதி உழைப்பு வீண். அதைவிடக் கொட்டகையில் பக்கத்தில் ஆசாரி வேலை பார்த்த இரண்டு பேர் கேட்டுவிட்டார்கள் என்பதுதான் எனக்கு வருத்தம்.

அடுத்த வாரம் கழுத்திலிருந்து தாடை வரைக்கும் கம்ப்யூட்டரில் வந்துவிட்டது. சீரியலில் அசுரனாக நடிக்கிறவரின் கிரீடத்தைப் படம் பிடித்து, அதோடு சேர்த்துப் பார்த்தார்கள். பொருந்தவில்லை. தாடையே கிரீடத்தைவிட அகலமாக இருந்தது. பாய் என்னைக் கூப்பிட்டார். நான் திறப்பில் குனிந்து பார்த்தேன்.

"பாய், நான் அளந்தா தப்பே வராது. சுருக்கத்துக்குக் கூட்டிப் போட்டிருக்கேன், அவ்ளோதான்."

"எந்தச் சுருக்கம்?"

"சூளையில போட்டா மண்ணு சுருங்கும் பாய். நூத்துக்குப் பன்னெண்டு சுருங்கும். அதனால எல்லா அளவையும் பன்னெண்டு கூட்டித்தான் எழுதுவேன். எங்க வேலையில அதான் வழக்கம்."

பாய் சிவசங்கரியைப் பார்த்தார். பிறகு சிவசங்கரி சொன்னாள். "அண்ணா, கம்ப்யூட்டருக்குள்ள சூளை இல்ல."

அவள் கிண்டலாகச் சொல்லவில்லை. ஒரு தகவலாகத்தான் சொன்னாள். ஆனால் ஆசாரிகள் அதற்குப் பிறகு என்னை எப்போது பார்த்தாலும் சூளை எரியுதா என்று கேட்க ஆரம்பித்தார்கள். சிவசங்கரி ஏதோ ஒரே ஒரு எண்ணை அடித்தாள். நான் இருபத்தாறு நாள் கூட்டிக் கூட்டி எழுதியது எல்லாம் ஒரு நொடியில் நூற்றுக்குப் பன்னிரண்டு சுருங்கிச் சரியாக உட்கார்ந்துகொண்டது. நெருப்பும் இல்லை, விறகும் இல்லை.

எனக்கு அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை. மறுநாள் காலையில் கோபத்தோடுதான் வேலையில் உட்கார்ந்தேன். நெற்றிப்பொட்டுக்கு வந்திருந்தோம். முப்பத்தொன்றாம் தாளை எழுதி உள்ளே தள்ளினேன். கொஞ்ச நேரத்தில் தாள் திறப்பு வழியாகத் திரும்பி வந்தது.

"அண்ணா, எழுநூத்தி முப்பத்திரெண்டாவது புள்ளியப் பாருங்க. எண்பத்தி நாலா, எட்டு புள்ளி நாலா?"

நான் தாளைத் தொடவே இல்லை. "அளவெடுக்குறது யாரு, நானா நீங்களா?"

"நீங்கதான் அண்ணா. ஆனா பக்கத்துப் புள்ளியெல்லாம் எட்டுல இருக்குது."

"எழுதியிருக்குறத அடிங்க."

அவள் தாளை உள்ளே இழுத்துக்கொண்டாள். அடித்தாள்.

இரண்டு வாரம் கழித்துத் தலை முழுதாக வந்தது. டைரக்டர் பார்க்க வந்தார். பட்டு ஜிப்பா போட்ட பெரிய மனிதர். அன்றைக்கு மட்டும் என்னைக் குளித்துவிட்டு உள்ளே வரச் சொன்னார்கள். அப்போதுதான் முதல்முறையாக அந்த அறைக்குள் போனேன். சிவசங்கரி ஒரு பொத்தானை அமுக்க, டிவியில் இருட்டிலிருந்து அசுரன் தலை மெதுவாகத் திரும்பியது.

இரண்டு நெற்றிப்பொட்டிலிருந்தும் இரண்டு பக்கமும் நேராக, ஈட்டி மாதிரி, ஏதோ நீட்டிக்கொண்டிருந்தது. தலையைவிட அதுதான் பெரிசு. மாட்டு வண்டியின் நுகத்தடியை எடுத்துக் காதுக்கு மேலே சொருகின மாதிரி இருந்தது.

எனக்குச் சட்டென்று விளங்கிவிட்டது. எட்டு புள்ளி நாலு சென்டிமீட்டர் எண்பத்துநாலாகிவிட்டது. ஒரு புள்ளி வைக்க மறந்திருக்கிறேன். ஒரு பக்கம் மட்டும் நீட்டிக்கொண்டிருந்தால் பார்க்கிறவர்களுக்குத் தப்பு என்று தெரிந்திருக்கும். கம்ப்யூட்டர் கண்ணாடி மாதிரி திருப்பிப் போட்டதால் தப்பு இரண்டு பக்கமும் சமமாக வந்து, வேண்டுமென்றே செய்தது மாதிரி ஆகிவிட்டது.

டைரக்டர் எழுந்து டிவி பக்கத்தில் போனார். எனக்கு விருத்தாசலம் பஸ் எத்தனை மணிக்கு என்று மனசுக்குள் ஓடியது.

"இந்தக் கொம்பு யாரு யோசனை?" என்றார்.

பாய் என்னைப் பார்த்தார். நான் சிவசங்கரியைப் பார்த்தேன். அவள் கீபோர்டைப் பார்த்தாள்.

"இவருதான் சார் சிற்பி," என்றார் பாய். "விருத்தாசலம். செராமிக்."

"பிளாஸ்டர் தலையப் பார்த்ததுலேருந்து நாலு நாளா மனசுல ஒரு குறை சார். மூஞ்சி நல்லா இருக்குது, ஆனா அசுரனாட்டம் இல்லையேன்னு. கொம்பு இல்லாததுதான் குறை. என்கிட்ட ஒரு வார்த்தை கேட்காம வச்சிருக்காரு பாருங்க, அதான் கலைஞன்." அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். எவ்வளவு குளித்தாலும் நகக்கண்ணில் பிளாஸ்டர் போகாது. அவர் ஜிப்பாக் கையில் வெள்ளையாக ஒட்டிக்கொண்டது.

அப்போது நான் உண்மையைச் சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்தேன். "ஏதோ தோணிச்சு சார்" என்று வந்தது.

நீளம் மட்டும் கொஞ்சம் ஜாஸ்தி, குறைத்து மேல்நோக்கி வளைக்க முடியுமா என்று டைரக்டர் கேட்டார். நான் முடியும் என்றேன். எனக்கு எப்படி வளைப்பது என்று தெரியாது. சிவசங்கரிதான் மூன்று நாள் உட்கார்ந்து, நடுவில் புதுப் புள்ளிகளை அவளே வைத்து, கொம்பைக் காளைக் கொம்பு மாதிரி வளைத்து, நுனியைக் கூராக்கினாள். நான் ஜன்னலுக்கு வெளியே நின்று "இன்னும் கொஞ்சம்" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். அவள் கேட்டதாகத் தெரியவில்லை.

கொம்பு வந்த பிறகு மற்றவர்கள் பாடுதான் கஷ்டமாகிவிட்டது. நடிக்கிறவருக்கும் அதே மாதிரி தெர்மாகோலில் கொம்பு செய்ய வேண்டியிருந்தது. அதை மாட்டிக்கொண்டு அவரால் மேக்கப் அறைக் கதவில் நேராக நுழைய முடியாது. நண்டு மாதிரி பக்கவாட்டில்தான் போவார். போகும்போதெல்லாம் கொம்பு வைத்தவனின் வம்சத்தை விசாரிப்பார் என்று கேள்விப்பட்டேன். நான் அந்தப் பக்கம் போகவே இல்லை.

டைட்டில் விஷயம் கடைசியாக வந்தது. கம்ப்யூட்டர் வேலைக்கு மூன்று வரி கொடுப்பதாகச் சொன்னார்கள். பாய் என்னிடம் தாளைக் கொடுத்துப் பேரை எழுதித் தரச் சொன்னார். ஜமால் முகம்மது, கொளஞ்சியப்பன், சிவசங்கரி என்று எழுதிக் கொடுத்தேன். டைட்டில்காரர் என் பேரை ஒடித்தார். கொளஞ்சி என்று ஒரு வரி, கமா போட்டு அப்பன் அடுத்த வரி. மூன்று வரியும் நிரம்பிவிட்டது.

ஒளிபரப்புக்கு இரண்டு நாள் முன்னால் எனக்கு அந்த அட்டையைக் காட்டினார்கள். பார்த்தேன். சிவசங்கரி பேர் இல்லை என்பதும் தெரிந்தது. ஆனால் என் பேர் இரண்டு தடவை இருக்கிறது என்பது அதற்கு முன்னால் தெரிந்துவிட்டது. "நல்லாருக்குது சார்" என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஊரில் எங்கள் வீட்டில் தெருவே கூடியிருந்தது. நானும் லீவு போட்டு வந்திருந்தேன். தலை வானத்தில் சுற்றிய நேரம் ஒன்பது செகண்டு. என் அம்மா, "இதுல எதுடா நீ பண்ணது?" என்று கேட்டு முடிப்பதற்குள் விளம்பரம் வந்துவிட்டது. "அந்தக் கொம்பு" என்றேன். ஊரில் என் கொம்புக் கதை அன்றைக்கு ஆரம்பித்தது.

கொஞ்ச நாளில் பாய் நிஜமாகவே ஒரு இரும்புக் கையை வாங்கிவிட்டார். அதற்கு ஈகோ கிடையாது. நான் ஊருக்குத் திரும்பிப் பழைய வேலையில் சேர்ந்தேன். ஆனால் ஊரில் எனக்குக் கம்ப்யூட்டர் கொளஞ்சி என்று பேர் விழுந்துவிட்டது. எஸ்.டி.டி. பூத்தில் பில் மெஷின் நின்றாலும், யாருக்காவது கால்குலேட்டர் கெட்டாலும் என்னிடம் கொண்டு வருவார்கள். ஒரு தடவை ஒரு ஆபீஸில் கம்ப்யூட்டர் ஓடவில்லை என்று வண்டி வைத்து அழைத்துப் போனார்கள். நான் அதைச் சுற்றி ஒரு நடை நடந்து பார்த்துவிட்டு, "ஏசி பத்தல" என்று சொல்லிவிட்டு வந்தேன். எனக்குத் தெரிந்த ஒரே கம்ப்யூட்டர் விஷயம் அதுதான். மறுவாரம் ஏசி போட்டார்கள். அதற்குள் யாரோ கழன்றிருந்த ஒயரை மாட்டியிருக்கிறார்கள், அதுவும் ஓடிவிட்டது. என் மதிப்பு இன்னும் ஏறியது.

கமலத்தைப் பெண் பார்க்கப் போனபோதும் கொம்பு கதையைத்தான் சொன்னேன். வருஷம் போகப் போகக் கதை வளர்ந்தது. மாட்டுப் பொங்கலன்று ஒரு காளை என்னை முறைத்துப் பார்த்ததாகவும், அந்த நிமிஷம் மின்னல் மாதிரி யோசனை வந்ததாகவும் ஒரு பாகத்தைச் சேர்த்திருந்தேன். காளை முதலில் வெள்ளையாக இருந்தது, பிறகு கறுப்பாகிவிட்டது என்று கமலம் ஒருமுறை சொன்னாள்.

ஏப்ரல் மாசம் சண்முகப்ரியா நேரில் வந்தாள். சென்னையிலிருந்து மங்கலம்பேட்டை போய் பாயைப் பார்த்துவிட்டு, அங்கிருந்து எங்கள் வீட்டுக்கு. கமலம் கடையை மத்தியானம் சாத்திவிட்டு வந்து, மோர் கொடுத்துவிட்டுக் கூடவே உட்கார்ந்துகொண்டாள். அந்தப் பெண் போனை எதிரே வைத்துப் பதிவு செய்ய ஆரம்பித்தாள்.

"கொம்பு வைக்கணும்னு எப்படி சார் தோணிச்சு?"

நான் தொண்டையைச் செருமிக்கொண்டேன். "அது மாட்டுப் பொங்கல் சமயம்..."

காளை முறைக்கிற இடம் வரைக்கும் வந்திருந்தேன். அவள் பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

"பாய் வூட்டுப் பரண்ல இருந்துச்சு சார். உங்க அளவுத் தாளுங்க. முப்பத்தி ஒண்ணாவது தாள்ல மட்டும் ஒரு எண்ணச் சுத்தி வட்டம் போட்டு, கேள்விக்குறி போட்டிருக்குது. கையெழுத்து உங்களது இல்ல. இது யாரு போட்டது?"

எண்பத்து நாலு. சுற்றிலும் சிவப்புப் பேனாவில் ஒரு வட்டம். பக்கத்தில் சின்னதாக ஒரு கேள்விக்குறி. அன்றைக்குத் தாள் திறப்பு வழியாகத் திரும்பி வந்தபோது இது இருந்திருக்கிறது. நான் தொட்டுப் பார்க்கவே இல்லையே, எங்கே தெரியும்.

"அது சிவசங்கரி போட்டது" என்றேன்.

"யாரு சார் அவங்க? எந்த டைட்டில்லயும் அவங்க பேரு இல்லையே."

காளை என் வாயிலேயே நின்றுவிட்டது. கமலம் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முப்பது வருஷம் ஒரே பொய்யைச் சொன்னால் அது ஒரு மேஜை நாற்காலி மாதிரி வீட்டில் ஒரு இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. எடுத்து வெளியே போடக் கனமாக இருந்தது. ஆனாலும் சொன்னேன். வைக்காத புள்ளி, அடிங்க என்றது, கலைஞன் என்றதும் வாயை மூடிக்கொண்டது, வளைத்தது யார், மூன்று வரியில் இரண்டு வரியை நான் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தது, எல்லாவற்றையும். சொல்லி முடித்தபோது மோர் வெதுவெதுப்பாகிவிட்டிருந்தது.

கமலம்தான் முதலில் பேசினாள். "அந்தப் பொண்ணு இப்ப எங்க இருக்குது?"

"தெரியாது."

"தேடுனீங்களா?"

"இல்ல."

அவள் மோர் டம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். திட்டியிருந்தால் தேவலை.

பாயிடம் நம்பர் இருந்தது. சிவசங்கரி சென்னையில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராக இருக்கிறாளாம். மறுநாள் சாயங்காலம், பள்ளிக்கூடம் விட்டிருக்கும் என்று கணக்குப் பண்ணி, போன் செய்தேன். கமலம் ஸ்பீக்கரில் போடச் சொன்னாள்.

"யாருங்க?"

"நான் கொளஞ்சியப்பன்மா. விருத்தாசலம். சாலிகிராமத்துல..."

"சூளை அண்ணா," என்றாள் உடனே. "எப்படி இருக்கீங்க?"

ராத்திரி முழுக்க மனப்பாடம் செய்து வைத்திருந்ததைக் கடகடவென்று சொன்னேன். நான் செய்தது தப்பு, டைட்டிலைப் பார்த்தும் பேசாமல் இருந்தேன், ஊர் முழுக்க என் யோசனை என்று சொன்னேன், மன்னித்துக்கொள்ள வேண்டும். லைன் போய்விட்டதோ என்று கமலம் போனை எடுத்துப் பார்த்தாள்.

"அண்ணா, நான் ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க," என்றாள் சிவசங்கரி. "நீங்க புள்ளி வைக்க மறந்தது அந்த ஒரு தடவ இல்ல. நாப்பது அம்பது இடத்துல மறந்திருக்கீங்க. எல்லாத்தையும் நானே வச்சு அடிச்சிருக்கேன். மூக்குல மட்டும்தான் ஒரு அளவுகூடத் தப்பு இல்ல. உங்ககிட்ட சொன்னா மூஞ்சியத் தூக்கி வச்சுக்குவீங்கன்னு சொல்லல."

அரை மில்லிமீட்டர் தப்பாத ஆள் நான்.

"அப்ப அன்னிக்கு மட்டும்..."

"அன்னிக்கும் வச்சிருக்கலாம். ஒரு செகண்டு வேலை. அடிங்கன்னு சொன்னீங்க பாருங்க, சொன்ன விதம். சரி, டைரக்டர் முன்னாடி வரட்டும், அப்ப தெரியட்டும்னுதான் அடிச்சேன். வேணும்னேதான் அடிச்சேன். நீங்க அவமானப்படணும்னு ஆசைப்பட்டேன். அவரு உங்க கையப் பிடிச்சுக் குலுக்குறாரு. எனக்கு எப்படி இருந்திருக்கும், நினைச்சுப் பாருங்க."

நான் நினைத்துப் பார்த்தேன். கமலம் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள்.

"பேரு போடலன்னு வருத்தம்தான்," என்றாள் சிவசங்கரி. "எங்கப்பா டிவி பொட்டி பக்கத்துலயே உட்கார்ந்து பார்த்தாரு. எங்கம்மா உன் பேரு எங்கன்னு கேட்டாங்க. ஆனா அந்தக் கொம்ப வளைச்ச மூணு நாளு இருக்குது பாருங்க, அதுக்கப்புறம் அந்த மாதிரி வேலை எனக்குக் கெடைக்கவே இல்லண்ணா. புள்ளைங்களுக்கு வளைகோடு நடத்தும்போது இப்பவும் அதத்தான் போர்டுல போடுவேன். எதுக்குக் கொம்புன்னு அதுங்களுக்குத் தெரியாது."

பிறகு என் குடும்பத்தை விசாரித்தாள். கமலத்தோடு பேசினாள். இரண்டு பேரும் என்னைப் பற்றித்தான் பேசினார்கள், அரை மணி நேரம். நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன்.

சிவசங்கரி போனில் சொன்னதையும் சண்முகப்ரியாவிடம் சொன்னேன். அவள் சென்னையில் சிவசங்கரியைப் போய்ப் பார்த்து, பள்ளிக்கூடக் கரும்பலகைக்கு முன்னால் நிறுத்திப் படம் எடுத்திருக்கிறாள். ஆகஸ்டில் புத்தகமாக வந்தது. கொம்பைப் பற்றி நாலு பக்கம், நாலிலும் சிவசங்கரி. முப்பத்தொன்றாம் தாளை முழுப்பக்கப் படமாகப் போட்டிருக்கிறார்கள். என் தப்பு அவ்வளவு தெளிவாக அச்சாகியிருந்தது. பாய் பத்துப் புத்தகம் வாங்கி மங்கலம்பேட்டைக் கடைகளில் கொடுத்திருக்கிறார். எங்கள் யூனிட்டிலும் ஒன்று சுற்றியது. இப்போது யாரும் என்னிடம் கால்குலேட்டர் கொண்டு வருவதில்லை. தாளில் அளவு எழுதிக் கொடுத்தால், "புள்ளி இருக்குதாண்ணா?" என்று கேட்டுவிட்டுத்தான் வாங்கிக்கொள்கிறார்கள். நல்ல பழக்கம்தான். நானும் இரண்டாவது தடவை பார்க்கிறேன். இதுவரை இரண்டு இடத்தில் புள்ளி இல்லாமல்தான் இருந்தது.

போன வாரம் சண்முகப்ரியா அந்தக் காட்சியை எங்கிருந்தோ பிடித்துப் போனில் அனுப்பினாள். கமலம் அதைப் பார்த்ததே இல்லை. கல்யாணத்துக்கு முன்னால் ஒளிபரப்பானது. கடையில் ஜெராக்ஸ் மெஷின் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து பார்த்தோம். படம் புகை மூட்டமாக இருந்தது. தலை வந்தது, சுற்றியது, போய்விட்டது.

"கொம்பு அழகா இருக்குது," என்றாள் கமலம். "அப்ப, இதுல நீங்க என்னதான் பண்ணீங்க?"

நான் நேர்மையாக யோசித்தேன்.

"மூக்கு," என்றேன். "மூக்குல ஒரு அளவுகூடத் தப்பு இல்லன்னு சிவசங்கரியே சொல்லுச்சு."

அவள் மறுபடி ஓடவிட்டு, மூக்கு வரும்போது நிறுத்தி, இரண்டு விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள். வாசலில் ஒருவர் ஆதார் அட்டையோடு வந்து நின்றார்.

"மூக்கு நல்லாத்தான் இருக்குது," என்று சொல்லிவிட்டு, போனை என்னிடம் கொடுத்து எழுந்தாள். "எத்தனை காப்பிங்க?"